நாழித் தவிட்டுக்கு வாங்கியவள்

மாவுக்கடைக் குப்பம்மாள் கேமராவில் விழமாட்டாள் என்கிற சங்கதி வெள்ளைப்பாறை கீழத்தெருவுக்குத் தெரியவந்தது, எதிர்வீட்டு ஜெபராணியின் சினையாடு காணாமல் போன அன்றைக்குத்தான். தெருவே கூடித் தேடியது. கிணற்றை எட்டிப் பார்த்தார்கள், கசாப்புக் கடைப் பக்கம் ஆள் அனுப்பி ஜாடையாக விசாரித்தார்கள், கடைசியில் தெருச் சங்கத் தலைவர் ராமசுப்பு வீட்டுக்குப் போய், சாமி படங்களுக்குப் பக்கத்தில் அவர் மாட்டி வைத்திருக்கும் பெரிய டிவியில் தெருவைப் பின்னால் ஓட்டிப் பார்த்தார்கள். ஆடு கயிற்றை இழுத்துக்கொண்டு வந்தது, தெருவைக் கடந்தது, மாவுக்கடை முன்னால் வந்து நின்று கத்தியது. உடனே கடைக்குள் இருந்த கழுநீர் வாளி யாரும் தூக்காமலே எழும்பி, தெருவில் மிதந்து வந்து, ஆட்டின் முன்னால் இறங்கியது. ஆடு வாளிக்குள் தலையை விட்டதுதான் தாமதம், ஆட்டையும் காணோம். வாளி மட்டும் தன்பாட்டுக்குக் குலுங்கிக்கொண்டிருந்தது.

எல்லோரும் மாவுக்கடைக்கு ஓடினார்கள். அங்கே ஆடு குப்பம்மாளின் காலடியில் வயிறு புடைக்கப் படுத்து அசைபோட்டுக்கொண்டிருந்தது. "காலையில இருந்து இங்கதான் கெடக்கு. நீங்க தேடுனது கிரைண்டர் சத்தத்துல கேக்கல" என்றாள் அவள். ராமசுப்பு அவளைத் தெருவின் நடுவில் நிறுத்திவிட்டு வீட்டுக்குள் போய், "கையை ஆட்டு தாயீ" என்று கத்தினார். அவள் இரண்டு கையையும் ஆட்டினாள். டிவியில் வெயில் மட்டும் இருந்தது.

அந்தத் தெருவில் கேமரா வந்த கதையைச் சொல்லாவிட்டால் இது விளங்காது. ராமசுப்பு மில்லில் சூப்பர்வைசராக இருந்து ஓய்வுபெற்றவர், நல்ல மனுஷன், ஊருக்கு ஏதாவது செய்யாவிட்டால் அவருக்குச் சோறு இறங்காது. தெருவில் ஒரு பைக் களவு போன கையோடு தன் கைக்காசைப் போட்டு முக்கில் ஒரு கேமராவை வாங்கி மாட்டினார். அதற்கு மாலை போட்டு, சந்தனம் வைத்து, எந்தக் கண்ணும் பட்டுவிடக்கூடாது என்று பூசணிக்காயும் சுற்றி உடைத்தார்கள். கண்ணுக்கே திருஷ்டி கழித்த ஊர் அது ஒன்றாகத்தான் இருக்கும். அதற்கப்புறம் களவு நின்றது, நின்றதும் எல்லோருக்கும் ஆசை வந்தது. ஆளுக்கொன்று வாசலில் மாட்டினார்கள், வாசலில் மாட்டியது முற்றத்துக்கு வந்தது, முற்றத்தில் இருந்தது கூடத்துக்கு வந்தது, அப்பனைப் பார்த்துக்கொள்ள மகனும், மருமகளைப் பார்த்துக்கொள்ள மாமியாரும், பெண்டாட்டியைப் பார்த்துக்கொள்ள வெளிநாட்டில் இருக்கிற புருஷனுமாக, அடுப்பங்கரை வரைக்கும் கண் முளைத்தது.

சுவருக்குக் காது உண்டு என்று பயந்த காலம் போய்ச் சுவருக்குக் கண்ணும் வந்தது. ஜெபராணி பருப்பைத் தீயவிட்டால் மஸ்கட்டில் இருக்கும் அவள் புருஷன் ஆன்டனிக்கு அடிப்பிடிக்கும் முன்னாலேயே தெரிந்தது. யார் வீட்டுக்கு யார் வந்தார், எந்தப் பை கொண்டுவந்தார், போகும்போது அந்தப் பை கனத்ததா இளைத்ததா என்பதெல்லாம் ஆளாளுக்குப் போனில் ஓடியது. சண்டை போடுகிறவர்கள் சிரித்த முகத்தோடு சண்டை போடப் பழகினார்கள், குப்பை கொட்டப் போகிறவள் தலை சீவிப் பொட்டு வைத்துக்கொண்டு போனாள், அழ வேண்டியவர்கள் வெங்காயம் உரிக்கும் நேரம் பார்த்து அழுதார்கள். ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள், ஊர்க் கண்ணை மூட என்ன இருக்கிறது? யாரையும் குற்றம் சொல்லவும் முடியாது, அவரவர் மாட்டிக்கொண்டதுதான்.

குப்பம்மாள் கேமராவில் விழாததற்குக் காரணம் கண்டுபிடிக்க ரிப்பேர்க்காரனை வரவழைத்தார்கள். அவன் ஒயரை மாற்றிப் பார்த்தான், கண்ணாடியைத் துடைத்துப் பார்த்தான், டீ குடித்துவிட்டுப் போய்விட்டான். அதற்குள் தெருவில் இருந்த வயதான பெண்களே விஷயத்தைப் பிடித்துவிட்டார்கள். குப்பம்மாளின் ஆத்தாளுக்கு அவளுக்கு முன்னால் பிறந்த பிள்ளைகள் எல்லாம் தொட்டிலிலேயே போய்விட்டன. எமனின் கண் அந்த வீட்டு மேலேயே இருந்தது. அதனால் இவள் பிறந்ததும் குப்பைமேட்டில் ஒரு புரட்டுப் புரட்டி எடுத்து, மூக்கைக் குத்தி, குப்பை என்று பேர் வைத்து, பக்கத்து வீட்டுக்கு நாழித் தவிட்டுக்கு விற்றுவிட்டார்கள். வாங்கினவள் ராமசுப்புவின் தாயார். பிள்ளை வளர்ந்தது என்னவோ பெற்றவள் வீட்டில்தான், ஆனால் கணக்குப்படி அது விற்ற பிள்ளை, தவிட்டுக்குப் போன பிள்ளை, அதை எவன் நின்று பார்ப்பான் என்று எமன் தாண்டிப் போய்விட்டான். எமனே தாண்டிப் போனவளை இந்தக் கேமரா என்ன பார்த்துக் கிழிக்கப்போகிறது என்று சொல்லிவிட்டு, கல்லடி பட்டாலும் கண்ணடி படக்கூடாது, கொடுத்து வைத்தவள் என்று பெருமூச்சும் விட்டு, அவரவர் வேலையைப் பார்க்கப் போனார்கள்.

இதற்கிடையில் பழைய படங்களிலிருந்தும் குப்பம்மாள் கொஞ்சம் கொஞ்சமாகக் கிளம்பிவிட்டாள். அவள் கல்யாணப் போட்டோவில் செத்துப்போன புருஷன் மட்டும் விறைப்பாக நிற்க, பக்கத்தில் ஒரு ரோஜா மாலை அந்தரத்தில் தொங்கியது. ரேஷன் கடைக்காரர் அட்டையில் முகமில்லாத கட்டத்தைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், "ஆமா, நம்ம குப்பம்மாதான்" என்று அரிசியை அளந்து போட்டார்.

அவளுக்குக் கை எட்டுகிற தூரத்தில் நிற்கும் உயிரெல்லாம் அவளோடு சேர்ந்து மறையும் என்பதை ஆட்டுக்கு அடுத்து அறிந்தவள் ஜெபராணி. ஒருநாள் மாவு வாங்க வந்து நின்றபோது ஆன்டனியிடமிருந்து போன் வந்தது.

"எங்க போன? காணோம்."

"மாவுக்கடையிலதான் நிக்கேன்."

"பொய் சொல்லாத. முக்குக் கேமராவுல பாக்கேன், கடையில ஒரு ஈ காக்கா இல்ல."

ஜெபராணி போனை வைத்தாள். முக்குக் கேமராவை நிமிர்ந்து பார்த்தாள். பிறகு கொண்டை ஊசியை எடுத்துவிட்டு முடியை அவிழ்த்துவிட்டாள், அரிசி மூட்டையில் சாய்ந்து தரையில் உட்கார்ந்து இரண்டு காலையும் நீட்டிக்கொண்டாள். அவ்வளவுதான் செய்தாள், வேறொன்றும் இல்லை. கல்யாணமாகி ஆன்டனி கப்பல் ஏறிய நாளிலிருந்து அவள் காலை நீட்டி உட்கார்ந்ததில்லை என்பது குப்பம்மாளுக்குத் தெரியாது, ஆனாலும் ஏன் என்று ஒரு வார்த்தை கேட்காமல், அரைத்து முடித்த கிரைண்டரைச் சும்மா இன்னொரு தடவை ஓடவிட்டாள்.

அதிலிருந்து ஆரம்பித்தது. தூக்குச்சட்டியை எடுத்துக்கொண்டு ஒவ்வொருவராக வந்தார்கள். சர்க்கரை வியாதிக்காரி ஒருத்தி முந்தியில் முடிந்துவந்த வெல்லத்துண்டை வாயில் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள், கல்யாணமாகி ஒரு மாசமான ஜோடி வந்து ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டுப் போனது, பள்ளிக்கூட வாத்தியார் ஒருத்தர் கிரைண்டர் தாளத்துக்குத் தோளை மட்டும் ஆட்டி ஆடினார், ஊரே பார்த்துப் பயப்படும் ஏட்டையா தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு மூக்கைச் சிந்திச் சிந்தி அழுதார். வெறுங்கையோடு திரும்பினால் கேமராவுக்குப் பதில் சொல்ல வேண்டுமே, அதனால் எல்லோரும் மாவு வாங்கினார்கள். கீழத்தெரு காலையில் இட்லி தின்றது, மத்தியானம் தோசை தின்றது, ராத்திரி ஊத்தப்பம் தின்றது, மிஞ்சியதை ஜெபராணியின் ஆடு தின்றது.

குப்பம்மாளின் பெருமை கேமராவில் விழாதது அல்ல, அது அவள் ஆத்தாள் செய்துவைத்த காரியம். அவளுடைய பெருமை, யாரையும் பார்க்காமல் இருந்தது. ஆள் வந்து உட்கார்ந்ததும் முகத்தைக் கிரைண்டர் பக்கம் திருப்பிக்கொள்வாள், கல் சுற்றுவதையே பார்ப்பாள், மாவு வழிக்கிற கை மட்டும் போய்ப் போய் வரும். அழுகிறவர்களிடம் ஏன் என்று கேட்கமாட்டாள், சிரிக்கிறவர்களிடமும் கேட்கமாட்டாள். எழுந்து போகும்போது "மாவை உடனே ஃப்ரிட்ஜில வச்சிரு, புளிச்சிரும்" என்பதற்கு மேல் ஒரு பேச்சு கிடையாது. ஒரு தெருவின் அந்தரங்கம் முழுக்க அவள் கடையில் நடந்தது, அதில் ஒரு சொல்கூட அந்தக் கடை வாசலைத் தாண்டவில்லை. அப்படி ஒரு பெண்ணை நீங்கள் எங்கே போய்த் தேடினாலும் கிடைக்காது.

கடைசியில் ராமசுப்புவும் வந்தார். வெட்கப்பட்டுக்கொண்டு வந்தார். தெருவுக்கெல்லாம் கண் வைத்தவர் வீட்டில் அமெரிக்காவில் இருக்கும் அவர் மகன் அறைக்கொரு கண் வைத்திருந்தான். ராமசுப்புவுக்குக் கை நடுக்கம் வந்துவிட்டது, டம்ளரை எடுத்தால் பாதிக் காப்பி சட்டையில் போகும். அது மகன் கண்ணில் பட்டால் வீட்டைப் பூட்டிக்கொண்டு அவரைக் கொண்டுபோய் ஏதாவது முதியோர் இல்லத்தில் விட்டுவிடுவான், பெண்டாட்டி வாழ்ந்து செத்த வீடு அது. அதனால் கேமரா முன்னால் கையைக் கக்கத்தில் வைத்துக்கொண்டே நடமாடினார். காப்பியை மாத்திரம் காலையில் மாவுக்கடையில் வந்து, நடுங்கிக்கொண்டே, நிம்மதியாகக் குடித்தார்.

"சிந்துனா சிந்தட்டும்ணே, தரையைக் கழுவத்தான போறேன்" என்பாள் குப்பம்மாள், முகத்தைத் திருப்பிக்கொண்டே.

எல்லாம் நல்லபடியாகத்தான் இருந்தது, கனி ஒருத்திக்கு மட்டும் அது நல்லதாக இல்லை.

மாரிக்கனி குப்பம்மாளின் ஒரே மகள். நர்ஸ் படித்துவிட்டுக் குவைத்தில் வேலை பார்க்கிறாள், ஒப்பந்தம் முடிய இன்னும் இரண்டு வருஷம் கிடக்கிறது, அதுவரை ஊருக்கு வர வழியில்லை. வெள்ளிக்கிழமை அவளுக்கு லீவு, அன்றைக்கு வீடியோவில் கூப்பிட்டு ஆத்தாளும் மகளும் முகம் பார்த்துப் பேசுவார்கள். குப்பம்மாளுக்கு மகளை இப்போதும் நன்றாகத் தெரிந்தது, மகளுக்குத்தான் கிரைண்டரும், காரை பெயர்ந்த சுவரும், சுவரில் ஓர் ஆணியும் மட்டும் தெரிந்தன.

"அம்மா, போனைத் திருப்பி வச்சிருக்கியா?" என்று முதலில் சிரித்தாள்.

"இல்லட்டி, உன் மூஞ்சிக்கு நேராத்தான் நிக்கேன்."

கேமராவில் விழாத கதையைச் சொன்னபோது கனி நம்பவில்லை. தீக்காயத்தோடு வருகிறவர்களைத் தினமும் பார்க்கிற பெண், புத்தி அங்கேதான் போயிற்று. முகத்தில் சுட்டுக்கொண்டாயா, வாய் கோணிவிட்டதா, எதை மறைக்கிறாய் என்று வாராவாரம் கேட்டாள். ஜெபராணி போனை வாங்கிச் சத்தியம் செய்தாள், அதற்குப் பிறகுதான் நம்பினாள். நம்பிய பிறகு இன்னும் மோசமாயிற்று. தன் போனில் இருந்த படங்களையெல்லாம் திறந்து பார்த்தாள், எதிலும் அம்மா இல்லை. ஒரு வெள்ளிக்கிழமை சொன்னாள்.

"நேத்து குளிக்கும்போது நெனச்சுப் பாத்தேன்மா, உன் மூக்குத்தி எந்தப் பக்கம்னு. வரல. எவ்வளவு நெனச்சும் வரல. பெத்த அம்மா மூக்குத்தி எந்தப் பக்கம்னு தெரியாம ஒருத்தி இருப்பாளா?"

"வலப்பக்கம்டி."

"நீ சொல்லித் தெரிஞ்சு என்ன செய்ய? எனக்குத் தெரியலியே" என்று கனி அழுதாள். "உன் முகம் எனக்கு மறக்குதும்மா."

அன்றைக்குக் குப்பம்மாள் கடையை அடைத்துவிட்டு உள்ளே உட்கார்ந்து அழுதாள். எமன் பார்க்காவிட்டால் போகிறான், கேமரா பார்க்காவிட்டால் போகிறது, மகள் பார்க்காத முகத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது? தெருவே வந்து அழுதுவிட்டுப் போகிற இடத்தில் அவளுடைய அழுகைக்குக் கிரைண்டரை ஓடவிட ஆளில்லை.

மறுநாள் காப்பி குடிக்க வந்த ராமசுப்பு அவள் கண் வீங்கியிருப்பதைப் பார்த்தார், கேட்டார், அவள் சொன்னாள். அவர் டம்ளரைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போனார். அதற்குப் பிறகு ஒரு வாரம் அவர் தூங்கவில்லை. ஏனென்றால் அவருக்கு ஒன்று தெரியும், உலகத்தில் அவர் ஒருவருக்குத்தான் தெரியும். அவர் தாயார் சாகும்போது சொல்லிவிட்டுப் போனது அது. தவிட்டுக்கு வாங்கிய பிள்ளை என்றைக்காவது ஒரு நாழித் தவிட்டைத் திருப்பிக் கொண்டுவந்து, வாங்கிய வீட்டில் கொடுத்துவிட்டால், அந்த வியாபாரம் முறிந்தது. அப்புறம் அது எல்லோரையும்போல ஒரு பிள்ளை, எல்லார் கண்ணும் அதன்மேல் விழும். சொல்லாமல் இருந்திருந்தால் ஒருத்தருக்கும் தெரிந்திருக்காது, அவர் காப்பியும் அவர் வீடும் பத்திரமாக இருந்திருக்கும். ஆனால் ராமசுப்பு போய்ச் சொன்னார். ஊரெல்லாம் கண் வைத்த பாவத்துக்கு அந்த ஒரு சொல்லுக்காகவே அவரை மன்னித்துவிடலாம்.

"அப்ப உங்க காப்பிண்ணே?" என்றாள் குப்பம்மாள்.

"காப்பியை விட்டுட்டாப் போச்சு. டாக்டரே குடிக்காதங்கான்."

செய்தி தெருவில் பரவியது. குப்பம்மாள் பயந்தாள், வந்து காலில் விழுவார்கள், தவிட்டைக் கொடுக்காதே என்பார்கள் என்று. ஒருத்தர் சொல்லவில்லை. வியாழக்கிழமை மாலையில் எல்லோரும் தூக்குச்சட்டியோடு வந்தார்கள், வழக்கத்தைவிடக் கொஞ்சம் கூடுதலாக உட்கார்ந்தார்கள், மாவு வாங்கிக்கொண்டு போனார்கள். ஜெபராணி கடைசியாக எழுந்தாள். "கனி பாக்கட்டும்க்கா. மக பாக்காட்டி என்ன இருக்கு" என்று சொல்லி, கொண்டையை இறுக்கி முடிந்துகொண்டு தெருவில் இறங்கினாள்.

வெள்ளிக்கிழமை காலையில் அரிசி மில்லிலிருந்து புதுத் தவிடு வாங்கி, நாழி நிறைய அளந்து, குளித்த தலையோடு குப்பம்மாள் ராமசுப்பு வீட்டுப் படியேறி வாசலில் நின்றாள். தெருவே பின்னால் வந்தது. ராமசுப்பு தோளில் கிடந்த துண்டை எடுத்து விரித்து ஏந்தினார். "எங்க அம்மா வாங்குன பிள்ளையைக் கொடுத்துட்டேன், தவிட்டை வாங்கிக்கிட்டேன்" என்று அவர் சொல்ல, அவள் நாழியைக் கவிழ்த்தாள். "இனிமே நீ எனக்குத் தங்கச்சி இல்ல தாயீ" என்று சிரிக்கப் பார்த்தார், சிரிப்பு வரவில்லை.

அவருக்குப் பின்னால் கூடத்தில் இருந்த டிவியில், வெறும் வாசல் தெரிந்த இடத்தில், முதலில் ஒரு மூக்குத்தி மினுங்கியது. அதைச் சுற்றி ஒரு மூக்கு வந்தது, அப்புறம் கன்னம், நரைத்த காதோரம், தோள், சேலை. முழுசாகக் குப்பம்மாள் வந்து நின்றாள். பக்கத்திலேயே நேரில் நிற்கிறவளை விட்டுவிட்டு எல்லோரும் டிவியைப் பார்த்து, "நம்ம குப்பம்மாவா இது, எவ்வளவு லட்சணமா இருக்கா பாரேன்" என்று வியந்துகொண்டார்கள்.

கடைக்கு வந்து, அரிசி மூட்டைமேல் போனைச் சாய்த்து வைத்துக் கனியைக் கூப்பிட்டார்கள். கனி எடுத்தாள், பார்த்தாள். "அம்மா" என்றாள். பிறகு பார்த்துக்கொண்டே இருந்தாள். குப்பம்மாள் கூச்சப்பட்டுக்கொண்டு முந்தியால் முகத்தைத் துடைத்தாள். "தொடைக்காத, அப்படியே இரு" என்றாள் மகள். ஒரு பல் போயிருப்பதைப் பார்த்தாள், புருவத்தில் ஒற்றை நரை இருப்பதைப் பார்த்தாள், இளைத்திருக்கிறாய் என்று திட்டினாள், இரண்டு பேரும் ஒரே நேரத்தில் அழுது ஒரே நேரத்தில் சிரித்தார்கள். அதைப் பார்த்துக் கடையில் நின்ற அத்தனை பேருக்கும் மனசு குளிர்ந்து உருகிப்போயிற்று.

அந்த உருக்கத்தில்தான் எல்லோரும் மறந்துபோனார்கள். பழக்க தோஷம், வேறென்ன. குப்பம்மாள் பக்கத்தில் நின்றால் தன்னால் கொண்டை அவிழ்கிறது, தன்னால் கால் நீள்கிறது. ஜெபராணி முடியை விரித்துப்போட்டுக் காலை நீட்டி உட்கார்ந்து கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். யாரோ நீட்டிய காப்பியை வாங்கி ராமசுப்பு சட்டையெல்லாம் சிந்தச் சிந்தக் குடித்தார். சர்க்கரைக்காரி வெல்லத்தை வாயில் போட்டாள், புது ஜோடி கையைப் பிடித்துக்கொண்டது. முக்குக் கேமரா எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தது.

முதலில் ஜெபராணியின் போன் அடித்தது. அடுத்து ராமசுப்புவின் சட்டைப்பையில் அடித்தது. பிறகு அங்கே ஒன்று, இங்கே ஒன்று, கடை முழுக்கப் போன்கள் அடித்தன.

ஜெபராணி அடித்துப்பிடித்து எழுந்தாள், ஒரு கையால் முடியை அள்ளிச் சுருட்டிக்கொண்டே மறு கையால் போனைக் காதில் வைத்தாள். "இல்லங்க... சும்மாதாங்க உக்காந்தேன்... இல்லங்க, அழலீங்க... இதோ வீட்டுக்குப் போறேங்க." ராமசுப்பு டம்ளரைக் கீழே வைத்துவிட்டு இரண்டு கையையும் கக்கத்தில் ஒளித்துக்கொண்டார், பையில் அடித்த போனை எடுக்கவில்லை. ஒவ்வொருவராகத் தலைகுனிந்து, தூக்குச்சட்டியை எடுத்துக்கொண்டு, ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பாராமல் தெருவில் இறங்க ஆரம்பித்தார்கள்.

குப்பம்மாள் மகளுக்கு எதுவும் கேட்டுவிடக்கூடாது என்று சட்டென்று கிரைண்டரைப் போட்டுவிட்டாள்.

"நிறுத்தும்மா" என்றாள் கனி.

"ஒண்ணுமில்லட்டி, மாவு..."

"கல்லுல மாவே இல்ல. நிறுத்து."

நிறுத்தினாள். கனி கேட்டாள், எல்லோரும் ஏன் போகிறார்கள், ஜெபாக்கா ஏன் ஓடுகிறாள் என்று. குப்பம்மாள் சொல்லவில்லை. அவள் வாயிலிருந்து அந்தக் கடையின் சங்கதி என்றைக்கு வந்தது, மகளிடம் மட்டும் வருவதற்கு? ஆனால் அவள் கண் ஜெபராணியின் பின்னாலேயே தெருவில் போயிற்று. எதிர்வீட்டுக் கதவு சாத்தியதும் அந்த முகம் எப்படி ஆயிற்று என்பதைக் கனி பார்த்தாள். பேச்சில் எதையும் ஒளித்துவிடலாம், முகத்தில் எங்கே ஒளிக்கிறது? முகம் தெரிந்ததால்தான் அது அவளுக்குத் தெரிந்தது.

"மாமா" என்று ராமசுப்புவைக் கூப்பிட்டாள். "நீங்க சொல்லுங்க."

ராமசுப்பு சொன்னார். ரொம்ப நேரம் சொல்லவில்லை, "கேமராவுக்கு ஒளிய எங்களுக்கு இந்தக் கடை ஒண்ணுதான் இருந்துச்சு" என்று கக்கத்திலிருந்து கையை எடுத்துக் காட்டினார், அவ்வளவுதான். பிறகு, "நீ பாரு தாயீ, உனக்குத்தான் முதல் உரிமை. நாங்க எப்படியாவது பாத்துக்கிடுவோம்" என்றார். போன் இன்னும் அடித்துக்கொண்டிருந்தது.

கனி போனை முகத்துக்குக் கிட்டே கொண்டுவந்தாள். "அம்மா, இந்தப் பக்கம் திரும்பு. இப்ப அந்தப் பக்கம். நேரா பாரு. சிரி" என்றாள். குப்பம்மாள் சொன்னபடி செய்தாள், கண்ணீர் மட்டும் சொன்னபடி நிற்கவில்லை. ஆத்தாளின் முகத்தை மகள் மேலிருந்து கீழும் கீழிருந்து மேலும் பார்த்தாள், யாருக்கும் பதில் சொல்வதற்காக அல்ல, தான் வைத்துக்கொள்வதற்காக. அவசரமில்லாமல் பார்த்து முடித்தாள்.

"மாமா, அந்தத் தவிடு எங்க?"

"துண்டுலதான் முடிஞ்சு வச்சிருக்கேன்."

"அந்தக் காலத்துல பெத்தவங்க வித்தாங்க. இப்ப அம்மாவுக்குன்னு இருக்கது நான் ஒருத்திதான். நான் விக்கிறேன். எங்க அம்மாவை இந்தத் தெருவுக்கு நாழித் தவிட்டுக்குக் கொடுத்துட்டேன்."

"வேண்டாம்டி கனி" என்றாள் குப்பம்மாள். "மறுபடி மறந்துபோகும்டி உனக்கு."

"மறக்காது. முன்னாடி சும்மா பாத்துக்கிட்டு இருந்தேன். இன்னைக்குத்தாம்மா பாத்திருக்கேன்."

தெரு வாங்கியது. அடித்துக்கொண்டிருந்த போன்களை அங்கங்கே வைத்துவிட்டு ஒவ்வொருவராகத் திரும்பி வந்தார்கள், ஜெபராணியும் கதவைத் திறந்துகொண்டு வந்தாள். துண்டை விரித்ததும் ஆளுக்கொரு கை தவிடு அள்ளிக் குப்பம்மாளின் மடியில் போட்டார்கள், அவரவர் பங்குக்கு அவரவர் வாங்கினார்கள். ராமசுப்பு போட்டதில் பாதி நடுங்கித் தரையில் சிந்தியது. பெற்றவள் பிள்ளையை விற்றதைக் கேட்டிருக்கிறோம், பிள்ளை பெற்றவளை விற்றதை அந்த ஊர் அன்றைக்குத்தான் பார்த்தது. போன் திரையில் சேலை போயிற்று, தோள் போயிற்று, காதோரத்து நரை போயிற்று, கன்னம் போயிற்று. மூக்குத்தி மட்டும் சற்று நேரம் மினுங்கிக்கொண்டு நின்று, அதுவும் போயிற்று. மஸ்கட்டில் ஆன்டனி போனைத் தட்டித் தட்டிப் பார்த்து, நெட்வொர்க் சரியில்லை என்று திட்டிக்கொண்டிருந்தான். ராமசுப்புவின் மகனும் அமெரிக்காவில் ஏறக்குறைய அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தான்.

அடுத்த வெள்ளிக்கிழமை கனி வழக்கம்போலக் கூப்பிட்டாள். கிரைண்டரும் சுவரும் ஆணியும் தெரிந்தன. அவளுக்குத் தெரியாத இடத்தில் ஜெபராணி காலை நீட்டியபடியே தூங்கிப்போயிருந்தாள், ராமசுப்பு காப்பியைச் சிந்திக்கொண்டிருந்தார், குப்பம்மாள் இருவரையும் பார்க்காமல் போனைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சாப்பிட்டியாம்மா?"

"ஆச்சுட்டி. நீ?"

"ஆச்சு. அம்மா, அந்த மூக்குத்தியைக் கழட்டி நல்லாக் கழுவு. கல்லுக்கு அடியில மாவு காஞ்சு போயிருந்துச்சு, போன வாரமே பாத்தேன்."

"எந்தப் பக்கம்டி இருக்கு என் மூக்குத்தி?"

"வலப்பக்கம். புருவத்துல ஒத்த நரை இருக்கே, அதுக்கு நேர் கீழ."

குப்பம்மாள் முந்தியால் மூக்குத்தியைத் துடைத்துப் பார்த்தாள். மாவுதான் இருந்தது.